எட்டு கேம் தூக்கியும் இடம் வரலையே, டீச்சர்!

இந்த முறை கடிதக்கட்டைப் பிரித்தால் மேலே இருந்த ஏழெட்டும் டேப்லெட் சமாச்சாரம்தான். 'மெமரி ஃபுல்', 'ஸ்டோரேஜ் ஃபுல்', 'போட்டோ எடுக்க மாட்டேங்குது' என்று ஒரே புலம்பல். ஒவ்வொரு புலம்பலுக்கும் பின்னால் ஒரு கேம், அந்த கேமுக்குப் பின்னால் ஒரு குழந்தை. (இரண்டு கடிதங்களில் அந்தக் குழந்தைக்கு ஐம்பது வயதுக்கு மேல். யாரென்று சொல்ல மாட்டேன்.) கம்ப்யூட்டர் லேப் சாவியோடு வருஷக்கணக்கில் நின்றவள் நான். பிள்ளைகள் எங்கெங்கே கேமை ஒளித்து வைப்பார்கள் என்பது கொஞ்சம் அத்துப்படி. மற்ற கேள்விகள் அடுத்த இதழுக்குக் காத்திருக்கட்டும்.

கே: என்னிடம் இருப்பது 32 ஜி.பி. ஆண்ட்ராய்டு டேப்லெட். பேரன் வந்துவிட்டால் அது அவன் கையில்தான். போன வாரம் அவசரமாக ஒரு பாரத்தைப் போட்டோ எடுக்கப் போனால் இடம் இல்லை என்று சொல்லிவிட்டது. கோபத்தில் எட்டு கேம்களை ஒவ்வொன்றாக அழுத்திப் பிடித்து 'ரிமூவ்' கொடுத்தேன். திரை துடைத்துவிட்டதுபோல் ஆனது. ஆனால் இடம் ஒரு எம்.பி. கூடவில்லை. நான் என்ன தப்பு செய்தேன்?

ப: ஐயா, நீங்கள் கழற்றியது பெயர்ப்பலகையைத்தான். குடியிருப்பவர் உள்ளேயேதான் இருக்கிறார்.

இதே வேலையை நானும் செய்திருக்கிறேன். முதன்முதலில் டேப்லெட் வாங்கிய புதிதில், முகப்புத் திரையில் இருந்த படங்களையெல்லாம் 'ரிமூவ்' கொடுத்துத் தூக்கிவிட்டு, தங்கையிடம் "பார், எப்படிச் சுத்தம் பண்ணிட்டேன்" என்று காட்டினேன். அவள் மகன், அப்போது ஒன்பது வயது, திரையைக் கீழிருந்து மேலே ஒரு தள்ளு தள்ளினான். அத்தனையும் அங்கே வரிசையாக நின்றுகொண்டிருந்தன. பையன் சிரிக்கவில்லை. அதுதான் இன்னும் வலித்தது.

ஐகானை அழுத்திப் பிடித்தால் பெரும்பாலான ஆண்ட்ராய்டு டேப்லெட்டுகளில் இரண்டு சொற்கள் வரும். ஒன்று 'ரிமூவ்', தமிழில் வைத்திருந்தால் 'அகற்று'. அது முகப்பில் இருக்கும் குறுக்குவழியை மட்டும் எடுக்கும். இன்னொன்று 'அன்இன்ஸ்டால்', தமிழில் 'நிறுவல் நீக்கு'. உங்களுக்கு வேண்டியது இரண்டாவது. ஐபேடிலும் இதே கூத்துதான். 'ரிமூவ் ஆப்' என்று தொட்டதும், ஹோம் ஸ்கிரீனிலிருந்து மட்டும் எடுக்கவா, ஆப்பையே டெலீட் செய்யவா என்று கேட்கும். அவசரத்தில் முதலாவதைத் தொட்டால் கேம் ஆப் லைப்ரரியில் போய் உட்கார்ந்துகொள்ளும், இடமும் அப்படியே இருக்கும்.

எட்டு கேமையும் மறுபடி தேடி ஒவ்வொன்றாக அழுத்திப் பிடிக்க வேண்டாம். ப்ளே ஸ்டோரைத் திறந்து, மேலே வலது மூலையில் இருக்கும் உங்கள் வட்டப் படத்தைத் தொட்டு, 'மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ்' என்பதற்குள் போங்கள். அங்கே 'மேனேஜ்' என்ற பகுதியில் டேப்லெட்டில் உள்ளவை எல்லாம் பட்டியலாக வரும். அளவு வாரியாக அடுக்கச் சொல்லுங்கள். பெரியது மேலே வரும். வேண்டாதவற்றுக்கு எதிரே டிக் போட்டு, மேலே உள்ள குப்பைத்தொட்டியைத் தொட்டால் மொத்தமாகப் போய்விடும். எதையாவது நீக்கும்போது 'டேட்டாவை வைத்துக்கொள்ளவா' என்று ஒரு கட்டம் வந்தால் அதை டிக் செய்யாதீர்கள். டிக் செய்தால் நாற்காலியை அனுப்பிவிட்டு மேஜையை வைத்துக்கொண்ட கதைதான்.

ஆனால் தூக்குவதற்கு முன்னால் ஒரு நிமிஷம் பாருங்கள். எட்டையும் தூக்க வேண்டியதே இருக்காது. போன மாதம் தங்கையின் டேப்லெட்டை மடியில் வைத்துக்கொண்டு பார்த்தேன். செட்டிங்ஸ், ஆப்ஸ், அதில் ஒரு கார் ரேஸ் கேம், அதற்குள் 'ஸ்டோரேஜ்'. மூன்று வரி. ஆப் அளவு 140 எம்.பி. யூசர் டேட்டா 2.6 ஜி.பி. கேஷ் 310 எம்.பி. பையன் "அது சின்ன கேம்தான் பெரியம்மா" என்று சாதித்துக்கொண்டிருந்தான். அவன் சொன்னதும் பொய்யில்லை. ஸ்டோரில் இறக்கியபோது அது சின்னதுதான். முதல் தடவை திறந்ததும், "கொஞ்சம் கூடுதல் ஃபைல்கள் வேண்டும், வைஃபை இருக்கிறதா?" என்று கேட்டிருக்கும். குழந்தை எதற்கும் 'ஓகே' போடும். ஓட்டும் சாலை, கார், பாட்டு, வெடிச்சத்தம் எல்லாம் அதற்குப் பிறகுதான் வந்து இறங்கும். கிட்டத்தட்ட அதே நேரத்தில் இறக்கிய நாலு புதிர் கேம்களைச் சேர்த்தாலும் 400 எம்.பி. தாண்டவில்லை. கார் ஒன்றை நீக்கியதுமே வேலை முடிந்தது. புதிர்கள் பிழைத்தன, வீட்டில் அழுகையும் பாதியாகக் குறைந்தது.

அந்த மூன்று வரிக்குப் பக்கத்திலேயே இரண்டு பொத்தான்கள் இருக்கும். 'க்ளியர் கேஷ்' என்பது தைரியமாகத் தொடலாம். தற்காலிகக் கோப்புகள் போகும், தேவைப்பட்டால் ஆப் திரும்ப உண்டாக்கிக்கொள்ளும். அதனால் அது நிரந்தர விடுதலையும் இல்லை. 'க்ளியர் ஸ்டோரேஜ்' அல்லது 'க்ளியர் டேட்டா' என்பது வேறு. அது கேமைப் பிறந்த குழந்தையாக்கிவிடும். அதைப் பற்றி அடுத்த கடிதத்துக்காரர் அழுதே விட்டார்.

இன்னொன்று, 32 ஜி.பி. என்று பெட்டியில் போட்டிருப்பது முழுவதும் உங்களுக்கானது இல்லை. ஆண்ட்ராய்டும் கம்பெனிக்காரர் கூடவே வைத்து அனுப்பியவையும் அதிலேயேதான் குடியிருக்கின்றன. சில இடங்களில் மொத்தமே 29.8 என்று காட்டும். அது களவு போனதல்ல. பெட்டியில் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகிறார்கள், சில மென்பொருள்கள் 1024 ஆக எண்ணுகின்றன, அவ்வளவுதான்.

கே: இடம் போதவில்லை என்று என் மகனுடைய கேமில் 'க்ளியர் டேட்டா' கொடுத்தேன். அவன் ஆறு மாதமாகச் சேர்த்த லெவல் எல்லாம் போய்விட்டது. என்னோடு பேசுவதே இல்லை. திரும்ப வருமா?

ப: வரவும் கூடும். அந்த லெவல் எங்கே எழுதப்பட்டிருந்தது என்பதைப் பொறுத்தது. சில கேம்கள் டேப்லெட்டுக்குள்ளேயே எழுதிவைக்கும். அப்படியானால் போனது போனதுதான். சில கேம்கள் கம்பெனியின் சர்வரில் எழுதிவைக்கும். கேமைத் திறந்து, அவன் முன்பு எந்தக் கணக்கில் விளையாடினானோ அதே கணக்கில் உள்ளே போகச் சொல்லுங்கள். ஆண்ட்ராய்டில் பெரும்பாலும் கூகுள் ப்ளே கேம்ஸ், ஐபேடில் கேம் சென்டர் அல்லது ஐகிளவுட், இல்லாவிட்டால் மின்னஞ்சல். 'கெஸ்ட்' என்று விளையாடியிருந்தால் கொஞ்சம் கஷ்டம்தான். அப்படி இருந்தாலும் கேமுக்குள் இருக்கும் உதவிப் பகுதியில் எழுதிக் கேட்டுப் பாருங்கள். அவனுடைய பிளேயர் ஐ.டி. எங்காவது ஸ்கிரீன்ஷாட்டில் சிக்கியிருந்தால் நல்லது.

இனிமேல் இடம் வேண்டும், லெவலும் வேண்டும் என்றால் ஒரு நடு வழி இருக்கிறது. ஐபேடில் அதன் பெயர் 'ஆஃப்லோட்'. 2017-ல் ஐ.ஓ.எஸ். 11-உடன் வந்தது. செட்டிங்ஸ், ஜெனரல், ஐபேட் ஸ்டோரேஜ், கேமின் பெயர், 'ஆஃப்லோட் ஆப்'. ஆப் போகும், அதன் டாக்குமென்டும் டேட்டாவும் இருக்கும். ஐகான் பக்கத்தில் சின்ன மேகம் ஒன்று தொங்கும். அதைத் தொட்டால் திரும்ப இறங்கும். ஆண்ட்ராய்டில் இதே வேலைக்கு 'ஆர்க்கைவ்' என்று பெயர். ஒரு ஆப் பிடிக்கும் இடத்தில் 60 சதவீதம் வரை மீளும் என்றார்கள் கூகுள்காரர்கள், 2022-ல் அறிவித்தபோது. ஆண்ட்ராய்டு 15-ல் செட்டிங்ஸிலேயே ஒவ்வொரு ஆப்புக்கும் அந்தப் பொத்தான் வந்துவிட்டது.

ஒரு எச்சரிக்கை. மேலே சொன்ன கார் ரேஸ் மாதிரி, எடையெல்லாம் டேட்டாவில் இருக்கும் கேமுக்கு ஆஃப்லோட் கொடுத்துப் பிரயோஜனம் இல்லை. ஆப் அளவு பெரிதாக இருந்தால் மட்டும் லாபம். அந்த மூன்று வரியைப் பார்க்காமல் கை வைக்காதீர்கள் என்று நான் நச்சரிப்பது இதற்குத்தான்.

பையனிடம் மன்னிப்புக் கேட்டுவிடுங்கள். ஆறு மாதம் பெரிய உழைப்பு.

கே: ஒரே டேப்லெட்டில் மூத்தவளுக்கு ஒன்று, இளையவனுக்கு ஒன்று என்று தனித்தனி யூசர் போட்டுக் கொடுத்திருக்கிறேன். மூத்தவள் பக்கத்தில் 3 ஜி.பி. கேமை முறையாக அன்இன்ஸ்டால் செய்தேன். கொஞ்சம்தான் இடம் வந்தது. ஏன்?

ப: கெட்டிக்காரக் கேள்வி. இளையவனும் அதே கேமை வைத்திருக்கிறான், அதனால்தான்.

ஆண்ட்ராய்டு டேப்லெட்டில் பல பேருக்குத் தனி அறை கொடுக்கும் வசதி 4.2 பதிப்பிலிருந்தே, அதாவது 2012-லிருந்தே உண்டு. ஆனால் ஒரே ஆப்பை இரண்டு பேர் போட்டுக்கொண்டால், ஆப்பின் அடிப்படைக் கோப்பு ஒன்றுதான் இருக்கும், இருவருக்கும் பொது. அவரவர் சேர்த்த டேட்டா மட்டும் தனி. அக்கா நீக்கினால் அக்காவின் டேட்டா போகும். தம்பி வைத்திருக்கும்வரை ஆப் அசையாது. முதன்மை யூசரில் போய் செட்டிங்ஸில் அந்த கேமைத் திறந்து மூலையில் உள்ள மூன்று புள்ளியைத் தொட்டுப் பாருங்கள். பல டேப்லெட்டுகளில் 'எல்லா யூசருக்கும் அன்இன்ஸ்டால்' என்று இருக்கும். தொடுவதற்கு முன் தம்பியிடம் சொல்லிவிடுங்கள். மேலே உள்ள கடிதத்தைப் படித்தீர்கள் அல்லவா?

கே: நான் போடாத கேம்கள் நாலு, வாங்கியபோதே வந்தவை. அன்இன்ஸ்டால் என்ற சொல்லே வரமாட்டேன் என்கிறது.

ப: எனக்கும் அப்படி ஒரு கம்பெனி அன்பளிப்பு கொடுத்தது. பெட்டியைத் திறந்த முதல் நாளே மூன்று கேமும் ஒரு ஷாப்பிங் ஆப்பும் எனக்கு முன்னால் குடியேறி இருந்தன. காசு கொடுத்தது நான்.

இதில் இரண்டு வகை. சில கேம்கள் கூடவே வந்தாலும் சாதாரண ஆப்தான். அவற்றுக்கு அன்இன்ஸ்டால் வரும். மற்றவை சிஸ்டம் பகுதியில் பதிக்கப்பட்டவை. அந்தப் பகுதியில் நாம் கை வைக்க முடியாது, அதை நீக்கினாலும் நம்முடைய பகுதிக்கு இடம் வந்து சேராது. ஆகவே அவற்றோடு மல்லுக்கட்டாதீர்கள். செட்டிங்ஸில் ஆப்பைத் திறந்து முதலில் 'அன்இன்ஸ்டால் அப்டேட்ஸ்' கொடுங்கள். அப்டேட் என்ற பெயரில் பின்னால் வந்து இறங்கியது நம் பகுதியைத்தான் தின்கிறது, அது திரும்பிவிடும். பிறகு 'டிஸேபிள்'. ஐகான் மறையும், பின்னணியில் ஓடாது, தானாக அப்டேட்டும் ஆகாது. தெரியாத பெயருள்ள சிஸ்டம் ஆப்பையெல்லாம் இந்த உற்சாகத்தில் டிஸேபிள் செய்யக் கிளம்ப வேண்டாம். கேம் என்று நிச்சயமாகத் தெரிந்தால் மட்டும்.

கே: ஐபேடில் ஒரு கேமை டெலீட் செய்கிறேன், இரண்டு நாளில் இன்னொன்று முளைக்கிறது. பேய் வேலையா?

ப: பேய்க்கு ஐபோன் இருக்கிறதா பாருங்கள். வீட்டில் யாரோ அதே ஆப்பிள் கணக்கில் ஐபோன் வைத்திருக்கிறார்கள், அதில் புது கேம் இறக்குகிறார்கள். ஐபேடில் செட்டிங்ஸுக்குள் ஆப் ஸ்டோர் பகுதியில், தானாக இறங்குவதற்கான தலைப்பின் கீழ் 'ஆப் டவுன்லோட்ஸ்' என்று ஒன்று இருக்கும். அணைத்துவிடுங்கள்.

கே: "உங்கள் டேப்லெட்டில் 94% குப்பை, உடனே சுத்தம் செய்யவும்" என்று அடிக்கடி வருகிறது. அது சொல்லும் க்ளீனர் ஆப்பைப் போடலாமா?

ப: போடாதீர்கள். போட்டிருந்தால் முதலில் அதை நீக்குங்கள். துடைப்பமே குப்பையாகக் கிடக்கும் வீடுகளை நிறையப் பார்த்துவிட்டேன். 'பூஸ்ட்', 'ராக்கெட்' என்று ஏதாவது பறந்துபோகும், எண்கள் குறைவதுபோல் ஆடும், கடைசியில் இன்னொரு கேமுக்கு விளம்பரம். இதில் பாதி ஆப்கள் சுத்தம் செய்வதாகச் சொல்வது ரேமை, அதாவது ஓடிக்கொண்டிருக்கும் வேலைக்கான தற்காலிக நினைவகத்தை. அதைக் காலி செய்தால் போட்டோவுக்கு ஒரு எம்.பி.கூடக் கிடைக்காது. இரண்டையும் 'மெமரி' என்றே சொல்லிப் பழகிவிட்டதால் நம்மைச் சுலபமாக ஏமாற்றுகிறார்கள்.

அந்த அறிவிப்பு எங்கிருந்து வருகிறது என்று பாருங்கள். அறிவிப்பை அழுத்திப் பிடித்தால் அனுப்பிய ஆப்பின் பெயர் தெரியும். 'குரோம்' என்று வந்தால், எப்போதோ ஏதோ ஒரு தளத்தில் 'அலோ' கொடுத்திருக்கிறீர்கள். குரோம் செட்டிங்ஸில் நோட்டிஃபிகேஷன் பகுதியில் அந்தத் தளத்தைத் தடுத்துவிட்டால் அன்றோடு நிற்கும். வைரஸும் இல்லை, 94 சதவீதமும் இல்லை.

வேறு ஏதோ ஆப் என்று வந்து, அதை நீக்கவும் முடியவில்லை என்றால் கொஞ்சம் கவனம். சில கேம்கள் ஐகானை மறைத்துக்கொள்ளும். செட்டிங்ஸில் ஆப் பட்டியலில் மட்டும் சிக்கும். சில, 'டிவைஸ் அட்மின்' என்ற அதிகாரத்தைக் கேட்டு வாங்கிவைத்திருக்கும். செட்டிங்ஸின் தேடல் பெட்டியில் அந்தச் சொல்லை அடித்து, அதிகாரத்தைப் பறித்துவிட்டு, பிறகு நீக்குங்கள். விளம்பரம் மேலே மேலே விழுந்து தொடவே விடவில்லை என்றால் சேஃப் மோடில் போங்கள்: பவர் பொத்தானை அழுத்தி, திரையில் வரும் 'பவர் ஆஃப்' என்பதையே விரல் எடுக்காமல் அழுத்திப் பிடித்தால் பெரும்பாலான டேப்லெட்டுகளில் கேட்கும். அங்கே நாம் போட்ட ஆப்கள் எதுவும் எழுந்திருக்காது. நிதானமாகத் தூக்கலாம். மறுபடி ஆன் செய்தால் பழையபடி வந்துவிடும்.

கே: கேமை அன்இன்ஸ்டால் செய்து மூன்று மாதம் ஆகிறது. கார்டில் மாதா மாதம் பணம் போய்க்கொண்டே இருக்கிறது.

ப: கேமை நீக்கினால் சந்தா நிற்காது. ஆண்ட்ராய்டு என்றால் ப்ளே ஸ்டோர், வட்டப் படம், 'பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்'. ஐபேட் என்றால் செட்டிங்ஸில் மேலே உங்கள் பெயர், 'சப்ஸ்கிரிப்ஷன்ஸ்'. இந்தப் பத்திரிகையைக் கீழே வைத்துவிட்டு இப்போதே போய் நிறுத்துங்கள். வாங்கும்போது ஒவ்வொரு தடவையும் பாஸ்வேர்டு கேட்கும்படியும் வைத்துவிடுங்கள்.

கே: எல்லா கேமும் போய்விட்டது. ஒன்றுகூட இல்லை. இன்னும் 'இடம் குறைவு' என்றுதான் வருகிறது.

ப: கேம் போனாலும் கேமின் வீடியோ போயிருக்காது. இப்போதெல்லாம் பிள்ளைகள் விளையாடுவதையே ஸ்கிரீன் ரெக்கார்டு செய்கிறார்கள், பின்னால் 'ஹாய் ஃபிரண்ட்ஸ்' என்று பேச்சு வேறு. கேலரியில் 'ஸ்கிரீன் ரெக்கார்டிங்ஸ்' என்ற ஆல்பத்தைத் திறந்து பாருங்கள். தங்கை வீட்டில் அப்படி 40 நிமிஷ வீடியோ ஒன்று கிடைத்தது. கடைசி 25 நிமிஷம் ரெக்கார்டிங்கை நிறுத்த மறந்து, சும்மா இருக்கும் முகப்புத் திரை.

அழித்ததும் இடம் வரவில்லையே என்று மறுபடி எனக்கு எழுதாதீர்கள். அழித்த போட்டோவும் வீடியோவும் குப்பைத்தொட்டியில் காத்திருக்கும். ஐபேடில் 'ரீசன்ட்லி டெலீடட்' பகுதியில் 30 நாள் வரை. கூகுள் போட்டோஸில் பேக்கப் ஆனவை 60 நாள், ஆகாதவை 30 நாள். தொட்டியையும் காலி செய்தால்தான் கணக்கு மாறும். அடுத்து, வீடியோ ஆப்களில் 'டவுன்லோட்' என்று இறக்கிவைத்த படங்கள். அவற்றை அந்தந்த ஆப்புக்குள் போய்த்தான் நீக்க முடியும். வாட்ஸ்அப் இருந்தால் அதன் செட்டிங்ஸில் 'மேனேஜ் ஸ்டோரேஜ்'.

கடைசி பைட் வரை நிரப்பி வைப்பது டேப்லெட்டுக்கு நல்லதில்லை. உள்ளே இருக்கும் ஃபிளாஷ் மெமரி எழுதுவதற்கும் இடம் மாற்றி அடுக்குவதற்கும் காலி இடம் தேடும். கிடைக்காவிட்டால் எல்லாமே ஆமை நடைதான். அப்டேட்டும் இறங்காது. நான் பத்தில் ஒரு பங்காவது காலியாக வைத்துக்கொள்வேன்.

கே: மெமரி கார்டு போட்டால் கேமை அதற்கு மாற்றலாமா?

ப: உங்கள் டேப்லெட்டும் விட வேண்டும், அந்த கேமும் விட வேண்டும். இரண்டும் விட்டாலும் பெரிய கேம் கார்டிலிருந்து திக்கித் திக்கித்தான் ஓடும். கார்டுக்குப் போட்டோவையும் வீடியோவையும் அனுப்பிவிட்டு, உள்ளே கிடைக்கும் இடத்தில் கேமை வைத்துக்கொள்ளுங்கள்.

கே: இதெல்லாம் என்னால் முடியாது. ஒரேயடியாக ஃபேக்டரி ரீசெட் செய்து அக்கா பெண்ணுக்குக் கொடுத்துவிடப் போகிறேன். சரிதானே?

ப: கொடுங்கள், நல்ல மனசு. ஆனால் ரீசெட் செய்வதற்கு முன் செட்டிங்ஸில் போய் உங்கள் கூகுள் கணக்கை டேப்லெட்டிலிருந்து நீக்கிவிடுங்கள். ஐபேட் என்றால் 'ஃபைண்ட் மை' அணைத்துவிட்டு ஆப்பிள் கணக்கிலிருந்து வெளியேறுங்கள். இல்லாவிட்டால் திருட்டுப் பொருளோ என்று சந்தேகப்பட்டுப் பூட்டிக்கொள்ளும்; அக்கா பெண் ஆன் செய்ததும் உங்கள் பழைய பாஸ்வேர்டைக் கேட்கும். போட்டோக்களை வேறெங்காவது எடுத்து வைத்துவிட்டீர்களா என்பதையும் ஒரு தடவை பாருங்கள். ரீசெட்டுக்குக் குப்பைத்தொட்டி கிடையாது.